முதல் பரீட்சையில் 11 மார்க்... அதனாலென்ன?

பி.எஸ்சி., கணிதம் முடித்த எங்கள் தெருப் பெண் ஒருத்தி, 'அக்கா, எம்.எஸ்சி., சேரட்டுமா, இல்ல கம்பெனி வேலைக்கே போயிடட்டுமா?' என்று கேட்டாள். அவளிடம் சொன்னதையே உங்களுக்கும் எழுதுகிறேன் தோழியரே!

பி.எஸ்சி.,யில் நான் 90 மார்க்குக்குக் குறைந்ததில்லை. எம்.எஸ்சி.,யில் முதல் இன்டர்னலில் 50க்கு 11! மாதிரிக் கணக்குகளை மனப்பாடம் செய்து பழகியவள் நான். அங்கேயோ, 'விடை காண்க' என்று ஒரு கேள்வி கூட இல்லை. எல்லாமே, 'நிரூபி', 'உண்மை இல்லையெனில் உதாரணம் தருக' தான்!

அன்று மாலை ஒரகடத்தில் ஷிப்ட் முடிந்து, கம்பெனி பஸ்சில் வந்திறங்கிய என் வயதுப் பெண்களைப் பார்த்ததும், 'பேசாம இவங்களோட போயிருக்கலாமே' என்று அழுகையே வந்து விட்டது. வீட்டிலும், 'படிப்பு வராட்டி மாப்பிள்ளை பார்த்துடலாம்' என்று பேச்சு எழுந்தது. அப்பா மட்டும், 'அடுத்த பரீட்சை வரைக்கும் பார்ப்போம்மா' என்றார்.

மறுநாள் எங்கள் மேடம் என்னைக் கூப்பிட்டு, '0 முதல் 1 வரை, 1ஐயும் சேர்த்து, பெரிய எண் எது?' என்றார். '1' என்றேன். 'அந்த 1ஐ மட்டும் எடுத்துடு. இப்போ?' 0.9 என்றால் 0.99 இருக்கிறது, அதைச் சொன்னால் 0.999... முடிவே இல்லை! ஒரே ஒரு புள்ளி போனதும், பெரிய எண்ணே இல்லாமல் போச்சு. 'தேற்றத்தில் ஒவ்வொரு வார்த்தையும் இப்படித்தான். எடுத்துப் பாரு, எங்கே உடையுதுன்னு தெரியும்' என்றார்.

அதன்பின், ரியல் அனாலிசிஸ், அல்ஜீப்ரா, டோபாலஜி எதுவானாலும், தேற்றத்தைப் படித்ததும் புத்தகத்தை மூடிவிட்டு, நானே நிரூபிக்க முயல்வேன். ஒரு பக்கத்துக்கு ஒரு ராத்திரி கூட ஆகும். மறுநாள் தோழிக்கு விளக்குவேன். திக்குகிற இடம் தான், எனக்குப் புரியாத இடம்.

பேராசிரியர் எஸ்.குமரேசன் 1993ல் ஆரம்பித்த எம்.டி.டி.எஸ்., கணித முகாமிலும், கேள்வி கேட்டுக் கேட்டே பாடம் நடத்துவது தான் வழக்கம். செங்கல்பட்டில் வளர்ந்த பேராசிரியர் சி.எஸ்.சேஷாத்ரி 1989ல் தொடங்கிய சென்னை மேத்தமேடிக்கல் இன்ஸ்டிடியூட் இருப்பதும், நம்மைப் போல ஒரு சிப்காட்டில் தான்... சிறுசேரியில்! கணக்குக்கும் நமக்கும் ரொம்ப தூரமில்லை.

அடுத்த இன்டர்னலில் 26 எடுத்தேன். முடித்தது முதல் வகுப்பில். இன்று பிளஸ் 2 மாணவியருக்குக் கணக்கு டீச்சர்.

தாய்மார்களே... மகள் முதல் பரீட்சையில் குறைந்த மார்க்கோடு வந்து நின்றால், 'உனக்கு வராது' என்று மட்டும் சொல்லி விடாதீர்கள். 'அடுத்த பரீட்சை வரைக்கும் பார்ப்போம்மா' என்று சொல்லிப் பாருங்கள்!

— ஒரு வாசகி, ஒரகடம்.