திரை புரண்டால் டேப் கெட்டுவிட்டதா?

ஆந்திர அரசு 2022 டிசம்பர் 21-ம் தேதி பாபட்ல மாவட்டம் யட்லபள்ளியில் ஒரு திட்டத்தைத் தொடங்கியது. அரசுப் பள்ளிகளில் 8-ம் வகுப்பு படித்த பிள்ளைகளுக்கும் ஆசிரியர்களுக்குமாக ஏறக்குறைய 5.18 லட்சம் டேப்கள். அடுத்த ஆண்டு அதே தேதியில் சிந்தப்பள்ளியில் தொடங்கி இன்னும் 4.34 லட்சம். மாநிலம் முழுமைக்குமான திட்டம் என்பதால் சித்தூர் மாவட்டத்து வெதுருகுப்பம் மண்டலப் பள்ளிகளும் அதற்குள் வந்தன. தெலுங்கும் தமிழும் ஒரே திண்ணையில் புழங்கும் பக்கம் இது. கைபேசியைத் தவிர வேறு தொடுதிரை பார்த்திராத வீடுகளுக்குள்ளும் அன்று முதல் ஒரு பெரிய திரை வந்து உட்கார்ந்தது.

கூடவே ஒரு சின்னத் தொல்லையும் வந்தது. பையன் பாயில் ஒருக்களித்துப் படுத்தபடி கணக்குப் பாடம் பார்க்கிறான். அவனோடு சேர்ந்து டேப்பும் சாய்கிறது. கண்ணுக்கு நேராக இருந்த படம் சட்டென்று குறுக்கே விழுகிறது. டேப்பைத் திருப்புகிறான், படமும் கூடவே திரும்பி மறுபடி குறுக்கே நிற்கிறது. நாலு முறை மல்லுக்கட்டிவிட்டு 'ஸ்க்ரீன் போச்சும்மா' என்கிறான். அம்மா அதைத் துணிப்பையில் போட்டு ரிப்பேர் கடைக்குக் கொண்டுபோகிறார். டேப்பில் ஒரு கோளாறும் இல்லை. தரை எந்தப் பக்கம் இருக்கிறது என்பது ஒன்றுதான் அதற்குத் தெரியும், அதன்படி சரியாகவே நடந்துகொண்டிருக்கிறது. பையனின் தலை எந்தப் பக்கம் இருக்கிறது என்பது அதற்குத் தெரியாது.

தரையைக் கண்டுபிடிக்கும் வேலை முடுக்கமானி என்ற சில்லுவினுடையது. சில மில்லிமீட்டர் அகலம்தான். உள்ளே சிலிக்கானில் செதுக்கிய மிக நுண்ணிய எடை ஒன்று, அதே சிலிக்கானில் செதுக்கிய வளையக்கூடிய மெல்லிய கால்களில் தொங்குகிறது. திருப்பதியிலிருந்து வரும் ஆர்.டி.சி. பேருந்தில் நிற்பவர்கள் பிடித்துக்கொள்ளும் தொங்கு கைப்பிடியை நினைத்துக்கொள்ளுங்கள். பேருந்து ஒரு பக்கம் சாய்ந்தால் கைப்பிடியும் அந்தப் பக்கம் சாயும். ஓட்டுநர் பிரேக் போட்டால் முன்னால் ஆடும். சில்லுவுக்குள் உள்ள எடையும் இப்படித்தான் அசைகிறது. அது அசையும்போது பக்கத்துத் தகடுகளுக்கும் அதற்கும் உள்ள இடைவெளி மாறுகிறது. இடைவெளி மாறினால் மின்தேக்குத்திறன் மாறுகிறது. அந்த மாற்றம் எண்ணாக வெளியே வருகிறது. நீளவாக்கு, அகலவாக்கு, திரைக்கு முன்பின் என மூன்று திசைக்கும் மூன்று எண்கள்.

டேப்பை நெட்டுக்குத்தாகப் பிடித்தால் புவியீர்ப்பின் 9.8 என்ற அளவு முழுவதும் நீளவாக்கில் விழும். குறுக்கே பிடித்தால் அது அகலவாக்குக்கு மாறும். எண்ணைப் பார்த்துத்தான் மென்பொருள் படத்தைத் திருப்புகிறது. அப்படியானால் மேஜையில் மட்டமாகக் கிடத்தினால்? முழு அளவும் திரைக்கு முன்பின்னான திசைக்குப் போய்விடும். மற்ற இரண்டும் பூச்சியம். எது மேல், எது கீழ் என்று சொல்ல ஆதாரமே இல்லை. அதனால் கடைசியாக எப்படி இருந்ததோ அப்படியே விட்டுவிடுகிறது. தரையில் மட்டமாக வைத்து எத்தனை சுற்று சுற்றினாலும் படம் அசையாததற்கு இதுதான் காரணம். வட்டமாக உட்கார்ந்து நடுவில் டேப்பை வைத்துப் படிக்கும் பிள்ளைகளில் ஒருவருக்கு எப்போதும் எழுத்து தலைகீழாகத்தான் தெரியும். அதற்குச் சில்லுவைக் குறை சொல்லிப் பயனில்லை. டேப்பைத் திருப்பும்போது படமும் திரும்ப வேண்டுமென்றால், ஒரு புத்தகத்தை முட்டுக்கொடுத்து அதைக் கொஞ்சம் நிமிர்த்தினால் போதும்.

சரிபாதி சாய்த்தால், அதாவது 45 பாகையில், படம் புரண்டுவிடும் என்று நினைப்போம். அப்படி வைத்திருந்தால் கை லேசாக நடுங்கினாலே படம் அங்குமிங்கும் துள்ளும். ஆண்ட்ராய்டை எழுதியவர்கள் அதற்கு இடம் கொடுக்கவில்லை. நடுவில் 45 பாகை அகலத்துக்கு ஒரு சூனியப் பகுதி வைத்திருக்கிறார்கள்; அதற்குள் இருக்கும்வரை பழைய நிலையே நீடிக்கும். நேர்நிலையிலிருந்து ஏறக்குறைய 67 பாகை தாண்டினால்தான் புரளும். மட்டமாகக் கிடந்த டேப்பை எடுத்த கையோடும் திருப்பாது. சுமார் அரை நொடி பொறுத்துப் பார்க்கும். நாம் 'டேப் மெதுவாக இருக்கிறது' என்று அலுத்துக்கொள்ளும் அந்தத் தாமதம் வேண்டுமென்றே வைத்தது.

இந்த வித்தையைப் பலரும் 2007-ல் ஐபோனோடு பிறந்ததாகச் சொல்வார்கள். கையைச் சாய்த்தால் உணரும் சில்லுவோடு கூடிய கைக்கணினி ஒன்று அதற்கு மூன்று ஆண்டு முன்பே, 2004 ஏப்ரலில், பெங்களூரில் விற்பனைக்கு வந்தது. இந்திய அறிவியல் கழகத்துப் பேராசிரியர்களும் என்கோர் நிறுவனத்துப் பொறியாளர்களும் சேர்ந்து வடிவமைத்த சிம்ப்யூட்டரின் வழிவந்த 'அமிதா' அது. பாரத் எலக்ட்ரானிக்ஸ் செய்து கொடுத்தது. கையைச் சாய்த்துப் பக்கம் புரட்டலாம். ஏழை எளியவர் கைக்கு எட்ட வேண்டும் என்று கனவு கண்ட கருவி, சந்தையில் எடுபடவில்லை. பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டிய கதை.

இனி, பையனின் பாய்க்குத் திரும்புவோம். ஆண்ட்ராய்டு டேப்பில் திரையின் மேல்விளிம்பிலிருந்து விரலால் கீழே இழுத்தால் பொத்தான்களின் வரிசை வரும். இன்னொரு முறை இழுத்தால் முழுவதும் விரியும். அதில் 'ஆட்டோ ரொட்டேட்' என்று ஒன்று இருக்கும். அது ஒளிர்ந்தால் சுழற்சி ஓடிக்கொண்டிருக்கிறது. தொட்டால் பூட்டிக்கொள்ளும், சில டேப்களில் பெயரே 'போர்ட்ரெய்ட்' அல்லது 'லேண்ட்ஸ்கேப்' என்று மாறிவிடும். பலரும் தடுமாறுவது இங்கேதான். தொடும் நேரத்தில் படம் எப்படி நிற்கிறதோ அப்படியே பூட்டும். ஆகவே முதலில் எழுந்து உட்கார்ந்து, டேப்பை வேண்டியபடி பிடித்து, படம் சரியாக வந்த பிறகு பொத்தானைத் தொட வேண்டும். படுத்தபடியே தொட்டுவிட்டு 'பூட்டியும் குறுக்கேதான் நிற்கிறது' என்பவர்கள் உண்டு. பூட்டிய பிறகு எப்படிப் புரண்டு படுத்தாலும் படம் பையனோடேயே இருக்கும்.

என்னைக் கேட்டால், பிள்ளைகளின் டேப்பில் சுழற்சியைப் பூட்டியே வைத்திருப்பதுதான் நல்லது. காணொளிப் பாடம் என்றால் குறுக்கே, பாடப்புத்தகத்தின் பிடிஎஃப் என்றால் நெட்டுக்குத்தாக. ஒரு நாளைக்கு இரண்டு மூன்று முறை மாற்ற வேண்டியிருக்கும், அவ்வளவுதான். அதற்கும் வழி இருக்கிறது. ஆண்ட்ராய்டு 9 முதல், பூட்டியிருக்கும்போது டேப்பைத் திருப்பினால் திரையின் ஓரத்தில் வட்டமான சிறு குறி ஒன்று சில நொடிகள் எட்டிப்பார்க்கும். அதைத் தொட்டால் அந்த ஒரு முறை மட்டும் திரும்பும். பார்த்தும் பார்க்காததுபோல் நாம் விட்டுவிடுகிற குறி அது.

ஐபேட் வைத்திருப்பவர்களுக்கு மேல் வலது மூலையிலிருந்து இழுத்தால் பூட்டும் வட்ட அம்பும் சேர்ந்த படம் ஒன்று தெரியும். 2010-ல் வந்த முதல் ஐபேடில் இதற்கென்று பக்கவாட்டில் ஒரு பொத்தானே இருந்தது. அதே ஆண்டு இறுதியில் ஆப்பிள் அதை ஒலியை அடைக்கும் பொத்தானாக மாற்ற, வாங்கியவர்கள் கூச்சல் போட்டார்கள். அடுத்த ஆண்டு விருப்பப்படி வைத்துக்கொள்ளுங்கள் என்று இறங்கிவந்தது. பிறகு பொத்தானையே எடுத்துவிட்டது.

பூட்டைத் திறந்து வைத்தும் திரும்பவில்லை என்றால் செயலியைச் சந்தேகியுங்கள். நெட்டுக்குத்தாக மட்டுமே நிற்பேன் என்று ஒரு செயலி தனக்குள் எழுதி வைத்திருந்தால் சில்லு என்ன சொன்னாலும் கேட்காது. பல வங்கிச் செயலிகள் இந்த ரகம். நேர்மாறாக, யூடியூபில் முழுத்திரைப் பொத்தானைத் தொட்டால் பூட்டு போட்டிருந்தாலும் படம் குறுக்கே திரும்பிவிடும். செயலிகளின் இந்தப் பிடிவாதத்துக்கு 2025-ல் வந்த ஆண்ட்ராய்டு 16 கடிவாளம் போட்டிருக்கிறது. அதற்கெனப் புதுப்பித்த செயலிகள், விளையாட்டுகள் நீங்கலாக, டேப் போன்ற பெரிய திரையில் 'இப்படித்தான் நிற்பேன்' என்று சொன்னாலும் இனி எடுபடாது. பழைய டேப்களுக்கு அந்தப் பதிப்பு வந்து சேரும் என்று காத்திருக்க வேண்டாம். முகப்புத் திரை மட்டும் திரும்பாமல் நின்றால் அதற்கான அனுமதி முகப்புத் திரை அமைப்புகளில் தனியாக இருக்கும்.

பள்ளியிலிருந்து வந்த டேப் என்றால் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். பிள்ளைகள் கண்டதையும் பார்க்காதிருக்க அவற்றில் நிர்வாக மென்பொருள் போட்டுத் தந்திருந்தார்கள். இப்படிப்பட்ட டேப்களில் சில அமைப்புகள் மறைந்திருக்கலாம். பொத்தானைக் காணோம் என்று வெளியில் கொடுத்து 'அன்லாக்' செய்யப் போனால் பாடங்களும் சேர்ந்து அழியலாம். ஆசிரியரிடம் கேட்பதே வழி.

படுத்தவன் முகத்தைப் பார்த்தே படத்தை நிறுத்தும் ஏற்பாடு ஒன்று 2021-ல் ஆண்ட்ராய்டு 12-ஓடு கூகுளின் பிக்ஸல் போன்களுக்கு வந்தது. முன் கேமரா முகம் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று பார்த்துக்கொள்ளும். தரையோடு தலையையும் கணக்கில் எடுத்துக்கொள்வதால் இதுதான் சரியான தீர்வு. விலை குறைந்த டேப்களில் இதை எதிர்பார்க்க முடியாது.

மடக்கித் திருப்பும் மடிக்கணினிகளின் கதை வேறு. 2012-ல் விண்டோஸ் 8-ம் லெனோவோவின் யோகாவும் வந்ததிலிருந்து இவை பரவின. இங்கே தரை எங்கே என்பதோடு விசைப்பலகை எங்கே என்பதையும் பார்த்தாக வேண்டும். மூடியில் ஒன்று, அடிப்பாகத்தில் ஒன்று என இரண்டு முடுக்கமானிகளை வைத்துச் சிலர் கீல் கோணத்தைக் கணக்கிடுகிறார்கள். சிலர் காந்தத்தையும் அதை உணரும் சில்லுவையும் வைக்கிறார்கள். சாதாரண மடிக்கணினியாக விரித்திருக்கும்போது விண்டோஸ் சுழற்சியை நிறுத்திவிடும். 'ரொட்டேஷன் லாக்' பொத்தான் மங்கிப்போய் அழுத்த வராமல் இருப்பது அதனால்தான். திரையைப் பின்னால் முழுக்க மடக்கிவிட்டுப் பாருங்கள், உயிர் வந்துவிடும். ஏன் சுழலவில்லை என்பதற்கு விண்டோஸ் உள்ளுக்குள் ஒரு காரணப் பட்டியலே வைத்திருக்கிறது: சென்சார் இல்லை, டாக்கில் செருகியிருக்கிறது, மடிக்கணினி நிலையில் இருக்கிறது, கூடுதல் திரை இணைந்திருக்கிறது என்று. வகுப்பறைப் பேனலோடு இணைத்துப் பாடம் நடத்தும் ஆசிரியரின் கணினி சுழல மறுத்தால் கடைசிக் காரணத்தைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

பூட்டுவதற்கு விண்டோஸ் பொத்தானோடு ஓ எழுத்தை அழுத்தினால் போதும். கையாலேயே திருப்ப, அமைப்புகளில் டிஸ்ப்ளே பகுதிக்குப் போய் நான்கு நிலைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். தவறாகத் தேர்ந்தெடுத்துவிட்டால் பதற வேண்டாம். 15 நொடிகளுக்குள் உறுதி செய்யாவிட்டால் தானே பழைய நிலைக்கு வந்துவிடும். பழைய இன்டெல் கணினிகளில் கன்ட்ரோல், ஆல்ட், கீழ் அம்பு மூன்றையும் சேர்த்து அழுத்தினால் திரை தலைகீழாகும். கணினி ஆய்வகங்களில் இதை வைத்து ஆசிரியரை அலறவிடாத மாணவர் தலைமுறை இல்லை. மேல் அம்பு சரிசெய்துவிடும்.

லினக்ஸ் போட்டவர்களுக்கு ஒரு விநோதம் நேரும். நேராகப் பிடித்தால் தலைகீழ், இடப்பக்கம் சாய்த்தால் வலப்பக்கம் என்று எல்லாம் மாறி நடக்கும். சென்சார் கெடவில்லை, தொழிற்சாலையில் அதைப் பலகையில் வேறு கோணத்தில் ஒட்டியிருப்பார்கள். எந்த மாடலில் எந்தக் கோணம் என்ற விவரங்களைத் தன்னார்வலர்கள் சேர்த்து ஒரு கோப்பாக லினக்ஸில் வைத்திருக்கிறார்கள். உங்கள் மாடல் அதில் இல்லாவிட்டால் மூன்று எண்கள் கொண்ட மூன்று வரிசைகளைச் சேர்த்துவிட்டால் சரியாகும்.

இத்தனைக்குப் பிறகும் திரும்பாமல் அடம்பிடித்தால் முதலில் முழுக்க அணைத்துப் போடுங்கள். சென்சாரைப் படிக்கும் மென்பொருள் சிக்கிக்கொள்வது சகஜம். காந்த உறையைச் சந்தேகிக்க வேண்டாம். டேப்பில் அது திரையை அணைத்து எழுப்பும், அவ்வளவுதான். பிறகு, டேப்பைச் சாய்த்தே ஓட்டும் கார் பந்தய விளையாட்டு ஒன்றைத் திறந்து பாருங்கள். கார் திரும்பினால் சென்சார் நலமாக இருக்கிறது, கோளாறு அமைப்பில். கார் நேராகப் போய்ச் சுவரில் மோதிக்கொண்டே இருந்தால் சில்லு போய்விட்டது என்று வைத்துக்கொள்ளலாம். கீழே விழுந்த டேப்களில் இது நடக்கும்.

அப்போதும் பணத்தைக் கொட்ட அவசரப்படாதீர்கள். இந்தச் சில்லு பொதுவாக முதன்மைப் பலகையோடு பற்றவைத்தது. தனியாகக் கழற்றி மாட்டும் உதிரிப்பாகம் இல்லை. பலகையையே மாற்றச் சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வாருங்கள். படத்தை வேண்டிய நிலையில் கட்டாயமாக நிறுத்தும் இலவசச் செயலிகள் ப்ளே ஸ்டோரில் கிடைக்கின்றன. ஒன்றைப் போட்டுக் குறுக்கே நிறுத்திவிட்டால் பாடம் கேட்க அந்த டேப் தாராளமாகப் போதும்.