எட்டாம் இடத்துக்காரர்

1984 லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக் என்றதும் இந்தியர்களுக்கு நினைவுக்கு வருவது ஒரு விநாடியில் நூறில் ஒரு பங்கு. பி.டி. உஷா வெண்கலத்தைத் தவறவிட்ட இடைவெளி அது. அதே வாரம், அதே நகரில் ஜப்பானுக்கும் ஒரு எண் கிடைத்தது: எட்டு. அதைப் பெற்றுத் தந்த ஹிரோகோ யமாசாகிக்கு அப்போது வயது 24. இந்த ஆட்டத்தில் அது ஏறக்குறைய ஓய்வு பெறும் வயது.

ரிதமிக் ஜிம்னாஸ்டிக்ஸ் ஒலிம்பிக்கில் நுழைந்ததே அந்த ஆண்டுதான். ஒலிம்பிக்கில் பெண்கள் மட்டுமே ஆடும் ஆட்டம். அன்று பன்னிரண்டு மீட்டருக்குப் பன்னிரண்டு மீட்டர் விரிப்பு, ஒன்றரை நிமிடத்துக்கு மிகாத இசை (அன்றைய விதிப்படி ஒரே ஒரு வாத்தியம்தான், பெரும்பாலும் பியானோ). கையில் வளையம், பந்து, ஒரு ஜோடி கட்டைகள், ரிப்பன் என்று முறைக்கு ஒன்று. பார்ப்பவர்களுக்கு ரிப்பன் ஏதோ திருவிழாத் தோரணம் மாதிரி தெரியும். ஆடுபவருக்கோ அது ஆறு மீட்டர் நீளத் தலைவலி. கை ஒரு கணம் அசைவை நிறுத்தினால் துணி தரையில் சரியும். முடிச்சு விழுந்துவிட்டால் மதிப்பெண் போச்சு.

ககோஷிமாவைச் சேர்ந்த யமாசாகி இந்த ஆட்டத்தைக் கற்கத் தொடங்கியதே உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்த பிறகுதான். கிழக்கு ஐரோப்பாவில் சிறுமிகள் பால் பல் விழும் வயதிலேயே ஆரம்பித்துவிடுவார்கள். தாமதமாக வந்தவர் டோக்கியோவில் உடற்கல்விக் கல்லூரியில் படித்தார், தேசியப் பட்டத்தைத் தொடர்ந்து ஐந்து முறை வென்றார்.

லாஸ் ஏஞ்சலிஸில் அவர் பெற்ற எட்டாம் இடத்துக்கு ஒரு அடிக்குறிப்பு தேவை என்பது உண்மைதான். சோவியத் அணியின் புறக்கணிப்பில் பல்கேரியாவும் சேர்ந்துகொண்டது. இந்த ஆட்டத்தின் இரண்டு ராணிகளும் ஊரிலேயே தங்கிவிட்டார்கள். முந்தைய ஆண்டின் உலக சாம்பியன் டிலியானா கியோர்கியேவா வரவில்லை. தங்கம் கனடாவின் லோரி ஃபங்குக்குப் போனது. எல்லோரும் வந்திருந்தால் யமாசாகி எங்கே நின்றிருப்பார் என்று கேட்பது நியாயமே. ஆனால் ஜப்பானியர்கள் அந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கவில்லை. ரிப்பன் சுழற்றும் அந்தப் பெண் விளம்பரங்களிலும் தொலைக்காட்சியிலும் வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். போட்டிகளுக்கு அத்தோடு முழுக்கு.

1992 ஆகஸ்டில் சியோலில் யூனிஃபிகேஷன் சர்ச் நடத்திய கூட்டுத் திருமணத்தில் அவரும் ஒரு மணப்பெண். நாடே அதிர்ந்தது. அடுத்த ஆண்டு அந்த அமைப்பை விட்டு விலகிய அவர், மனக்கட்டுப்பாட்டுக்கு ஆளாகியிருந்ததாகப் பத்திரிகையாளர்கள் முன் சொன்னார். கேமராக்களின் செல்லப்பிள்ளையாக இருந்தவரை அதே கேமராக்கள் துரத்தின. ஒலிம்பிக்கின் எட்டாம் இடம் யாருக்கும் நினைவில்லை.

அவரை மறுபடி விரிப்புக்கு அழைத்து வந்தது ஒரு தோல்வி. 2000 சிட்னி ஒலிம்பிக்கில் ஐந்தாம் இடம் பிடித்த ஜப்பான் குழு, 2004 ஏதென்ஸுக்குத் தகுதிகூடப் பெறவில்லை. தேசிய அணியைச் சீரமைக்கும் பொறுப்பு யமாசாகியிடம் வந்தது. அவர் செய்தது கொஞ்சம் கொடூரமான காரியம் என்றே சொல்லலாம். கிளப்புகள் அனுப்பும் வெற்றியாளர்களை வைத்துக் குழு கட்டும் வழக்கத்தை விட்டுவிட்டு, உடல்வாகும் வருங்கால வாய்ப்பும் பார்த்துத் தேர்வு நடத்தினார். தேறிய பெண்களை வீட்டையும் ஊரையும் விட்டுப் பிரித்து ஒரே கூரையின் கீழ் வைத்தார். பிறகு ரஷ்யாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்குக்கே கூட்டிப்போய் ரஷ்யப் பயிற்சியாளரிடம் ஒப்படைத்தார். வருடத்தில் பெரும்பகுதி முகாம்தான். பதினாறு, பதினேழு வயதில் தான் அனுபவிக்காத கண்டிப்பை அந்த வயதுப் பெண்களிடம் எதிர்பார்த்தார்.

பலன் உடனே வரவில்லை. 2008 பெய்ஜிங்கில் பத்தாம் இடம். 2012 லண்டனில் ஏழு. 2015ல் ஸ்டுட்கார்ட் உலகப் போட்டியில் ரிப்பனில் வெண்கலம். உலகப் போட்டியில் ஜப்பான் குழு பதக்கம் பார்த்து அப்போது நாற்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. 2019 செப்டம்பரில் பாகுவில் ஐந்து பந்துகளோடு ஆடிய ஐந்து பெண்கள் தங்கம் வென்றார்கள். ஜப்பானின் முதல் உலகத் தங்கம். ஒட்டுமொத்தப் பிரிவில் ரஷ்யாவுக்கு அடுத்து வெள்ளி. யமாசாகிக்கு வயது 59.

எஞ்சியிருந்தது சொந்த மண்ணில் ஒலிம்பிக். கொரோனாவால் ஓர் ஆண்டு தள்ளிப்போன டோக்கியோ போட்டியின் கடைசி நாள், 2021 ஆகஸ்ட் 8, குழு இறுதிச் சுற்று. பார்வையாளர்களுக்கு அனுமதியில்லை. கைதட்டிக் காப்பாற்ற ஊர்க்காரர்கள் இல்லாத அரங்கில் பாகுவின் தங்கக் குழு தடுமாறியது. இறுதிக்கு வந்தவை எட்டு அணிகள். பல்கேரியாவுக்குத் தங்கம், ஜப்பானுக்கு எட்டாம் இடம். 2016 ரியோவிலும் அதே எட்டுதான்.

அதன் பிறகு யமாசாகி பொறுப்பிலிருந்து விலகினார். அவர் இடத்துக்கு வந்தவர் யுகாரி முராதா. சிட்னியில் ஐந்தாம் இடம் பிடித்த குழுவில் ஆடியவர்.