குறும்படமும் சூழலிசையும்

பின்னணி இசை எனப்படுவது யாது? கதைமாந்தர் செவியில் விழாது, காண்போர் உள்ளத்தில் மட்டும் தொழிற்படும் இசை அது. அதனுள்ளும் ஒரு வகை உண்டு. அழுகைக்கு அழுகையும் ஓட்டத்திற்கு ஓட்டமுமாகக் காட்சியைத் துரத்தாமல், காட்சி நிகழும் இடத்தின் தன்மையையே உணர்த்தி நிற்பது. அதனைச் சூழலிசை என்பது பொருந்தும்.

தமிழாசிரியர்க்கு இக்கருத்துப் புதிதன்று. தொல்காப்பியம் கருப்பொருளை எண்ணுமிடத்துத் தெய்வம், உணவு, விலங்கு, மரம், புள் என்பவற்றோடு பறையையும் யாழையும் வைத்துள்ளது. ஒரு நிலத்திற்கு அதன் மரம் எவ்வாறு உரியதோ, அவ்வாறே அதன் ஒலியும் உரியது. அவற்றைச் சார்ந்தே உரிப்பொருள் சிறக்கிறது.

பெரிய படக்கம்பெனிகளைச் சாராது குறும்படம் எடுத்தோருள் அமெரிக்காவில் வாழ்ந்த மாயா டெரன் அம்மையார் (1917–1961) தலையாயவர். 1943-இல் தம் கணவர் அலெக்சாண்டர் ஹமித்துடன் ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ என்னும் படத்தை லாஸ் ஏஞ்சல்சில் எடுத்தார். ஏறத்தாழ 14 நிமிடப் படம். உரையாடல் இல்லை; இசையும் இல்லை. ஒரு பெண் பகலில் உறங்கிக் கனவு காண்கிறாள். திறவுகோலும் கத்தியும் மலரும் மீண்டும் மீண்டும் தோன்றுகின்றன. இசைத்தட்டும் ஓசையின்றியே சுழல்கிறது.

பதினாறு ஆண்டுகள் அப்படம் ஊமையாகவே நின்று புகழ்பெற்றது. 1959-இல் டெய்ஜி இட்டோ என்னும் ஜப்பானிய இளைஞர் அதற்கு இசையமைத்தார். சில கருவிகளே, ஒலிக்கும் ஒலிக்கும் இடையே அமைதி, ஜப்பானியப் பழமரபின் சாயல். நன்கு அறிந்த வீடும் மாடிப்படியும் அவ்விசையால் அறியாத இடமாகி அச்சம் ஊட்டுகின்றன. சீனப் போர்க்கலை பற்றி 1948-இல் எடுத்த படத்திற்கு அம்மையார் சீனக் குழலையும் ஹைத்தி நாட்டு முரசையும் இணைத்தார். 1944-இல் எடுத்த ‘அட் லேண்ட்’ படத்திற்கோ இசையே சேர்க்கவில்லை. இசை வேண்டா இடத்தை அறிதலும் இசையறிவே.

இன்று நம் மாணவர் கைப்பேசியிலேயே குறும்படம் எடுக்கின்றனர். மகிழ்ச்சியே. ஆயின் பலவற்றில் எங்கிருந்தோ எடுத்து ஒட்டிய இசை முதலிலிருந்து இறுதிவரை முழங்குகிறது. அவர்க்கு நாம் சொல்லத்தக்கன மூன்று. முதலாவது, இசையின்றியே படத்தை முழுதும் பார்த்து, அது தன் காலில் நிற்கிறதா என அறிக. இரண்டாவது, அமைதி வேண்டும் இடங்களை முதலில் குறித்துக்கொள்க. மூன்றாவது, இரண்டொரு கருவிகளோடு நிறைவு கொள்க.

தோட்டத்து விடியலைப் படமாக்குவோர் இதனைச் சிறப்பாகக் கருதுதல் வேண்டும். பெரட்டு மணி, பால்வாளியின் ஓசை, காய்ந்த ரப்பர் இலைமேல் நடக்கும் காலடி ஆகியவை அந்நிலத்தின் கருப்பொருள்கள். பல தோட்டங்கள் இன்று இல்லை. அவ்வொலிகளை நினைவிற் கொண்ட முதியோரும் குறைந்து வருகின்றனர். வயலின் முழக்கத்தில் அவற்றை மூடிவிட்டால், வருந்தலைமுறை அவற்றை வேறெங்குக் கேட்கும்?