தண்ணீருக்கு ஒன்றரை மடங்கு கட்டணம்! கோர்ட்டு படியேறிய பிளாட்டுக்காரர்கள்!!

நாகர்கோவில்-

"வீடு நல்லாத்தான் இருக்கு. வெள்ளம் உண்டா?"

நாகர்கோவிலில் பிளாட் பார்க்கப் போகிறவர்கள் முதலில் கேட்பது இதைத்தான். கேட்காமல் என்ன செய்வார்கள்? நகருக்கு தண்ணீர் தரும் முக்கடல் அணையின் உயரம் வெறும் 25 அடி. கோடையில் நீர்மட்டம் "மைனஸ்" கணக்குக்கு இறங்கிய வருஷங்களும் உண்டு.

ஆனால் கூடவே இன்னொன்றையும் கேட்க வேண்டும். "கட்டிட முடிவு சான்றிதழ் வாங்கியாச்சா?" அதைக் கேட்காமல் குடிபோனால் என்ன ஆகும் என்பதற்கு, மும்பையில் நடந்த ஒரு வழக்கே சாட்சி.

<b>தற்காலிக குழாய்</b>

மும்பை சம்ருத்தி கூட்டுறவு வீட்டு வசதி சங்கத்தைச் சேர்ந்தவர்கள் 1997-ம் ஆண்டு தங்கள் பிளாட்டுகளில் குடியேறினார்கள். கட்டிய நிறுவனம் குடியேறும் சான்றிதழை வாங்கிக் கொடுக்கவில்லை. சான்றிதழ் இல்லாததால் தண்ணீர் இணைப்பும் இல்லை, மின்சார இணைப்பும் இல்லை.

சங்கத்தினர் அலைந்து திரிந்து தற்காலிக இணைப்பு வாங்கினார்கள். தண்ணீர் வந்தது. கூடவே பில்லும் வந்தது! தண்ணீர் கட்டணம் மற்றவர்களை விட 50 சதவீதம் அதிகம். சொத்து வரி 25 சதவீதம் அதிகம்.

1998-ல் சங்கம் நுகர்வோர் கோர்ட்டுக்குப் போனது. 2014-ல்தான் உத்தரவு கிடைத்தது. 4 மாதத்தில் சான்றிதழ் வாங்கித் தரவேண்டும், கூடுதலாகக் கட்டிய தண்ணீர் கட்டணத்துக்காக ரூ.1 லட்சம் கொடுக்க வேண்டும் என்று சொல்லப்பட்டது.

அப்படியும் சான்றிதழ் வரவில்லை. கூடுதலாகக் கட்டிய பணம் ரூ.2 கோடியே 60 லட்சத்துக்கு மேல் வரவேண்டும் என்று சங்கம் தேசிய நுகர்வோர் ஆணையத்தில் வழக்கு போட்டது. "காலம் கடந்துவிட்டது. நீங்கள் பணம் கட்டியது மாநகராட்சிக்கு. இந்த விஷயத்தில் நீங்கள் நுகர்வோரே அல்ல" என்று 2018-ல் வழக்கு தள்ளுபடி ஆனது.

<b>சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பு</b>

சங்கம் விடவில்லை. சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. நீதிபதிகள் சந்திரசூட், போபண்ணா இருவரும் 2022 ஜனவரி 11-ந்தேதி தீர்ப்பு கூறினார்கள்.

சான்றிதழ் வாங்கித் தருவது கட்டியவரின் கடமை. தராவிட்டால் அது சேவைக் குறைபாடு. தராத நாள் வரை அந்தத் தவறு தொடர்ந்து நடப்பதாகவே பொருள். ஆகவே "காலம் கடந்துவிட்டது" என்று சொல்ல முடியாது. இதுதான் தீர்ப்பின் சாரம். வழக்கை 3 மாதத்தில் விசாரித்து முடிக்கும்படி தேசிய ஆணையத்துக்கே திருப்பி அனுப்பினார்கள்.

முதல் புகார் கொடுத்து அப்போது ஏறக்குறைய 24 வருஷம் ஆகியிருந்தது.

<b>இப்போது கண்டிப்பு</b>

2024 டிசம்பர் 17-ந்தேதி வேறொரு வழக்கில் நீதிபதிகள் பர்திவாலா, மகாதேவன் இன்னும் கண்டிப்பான உத்தரவு போட்டார்கள். சான்றிதழைக் காட்டினால்தான் தண்ணீர், மின்சாரம், பாதாள சாக்கடை இணைப்பு கொடுக்க வேண்டும் என்பது அந்த உத்தரவு. தமிழ்நாட்டிலும் 2019-ம் ஆண்டு கட்டிட விதிகளின்படி, பெரிய அடுக்குமாடிகளுக்கு முடிவு சான்றிதழ் கட்டாயம். சிறிய வீடுகளுக்கு விலக்கு உண்டு.

<b>யாரிடம் கேட்பது?</b>

குமரி மாவட்டத்துக்காரர்கள் மும்பைக்கோ டெல்லிக்கோ ஓட வேண்டாம். மாவட்ட நுகர்வோர் கோர்ட்டு நாகர்கோவிலிலேயே இருக்கிறது. வீட்டுக்குக் கொடுத்த பணம் ரூ.50 லட்சத்துக்குள் என்றால் இங்கேயே வழக்கு போடலாம். பொதுவாக 2 வருஷத்துக்குள் புகார் கொடுத்துவிட வேண்டும்.

2016-ம் ஆண்டு ரியல் எஸ்டேட் சட்டமும் கைகொடுக்கும். பராமரிப்பை குடியிருப்போர் சங்கம் ஏற்றுக்கொள்ளும் வரை, நியாயமான கட்டணத்தில் அத்தியாவசிய வசதிகளைச் செய்து தருவது கட்டியவர் பொறுப்பு என்று அது சொல்கிறது.

<b>வாடகைக்காரர்களுக்கு</b>

வாடகைக்கு இருப்பவர்களுக்கும் வழி உண்டு. தமிழக அரசின் 2017-ம் ஆண்டு வாடகைச் சட்டம் 2019 பிப்ரவரியில் அமலுக்கு வந்தது. சண்டை எதுவானாலும் வீட்டுக்காரர் மோட்டாரை நிறுத்தி தண்ணீரை அடைக்கக் கூடாது. அடைத்தால் வாடகை அதிகாரியிடம் மனு கொடுக்கலாம். விசாரணை முடியும் முன்பே தண்ணீரைத் திறந்துவிடச் சொல்லி இடைக்கால உத்தரவு போட அவருக்கு அதிகாரம் உண்டு.

பிளாட் பார்க்கப் போகிறவர்கள் குழாயைத் திறந்து பார்ப்பதோடு நிற்க வேண்டாம். அட்வான்ஸ் கொடுக்கும் முன்பே சான்றிதழைக் கேட்டு வாங்கிப் பார்த்துவிடுவது நல்லது.