கிராக்கோவின் இரு கட்சிகள்

போலந்து தேசத்தின் புராதன ராஜதானியாகிய கிராக்கோவ் நகரில், புவோனியா என்னும் விசாலமான புல்வெளிக்கு ஒருபுறம் வீஸ்வா கால்பந்துக் கழகத்தின் மைதானமும், மறுபுறம் கிராகோவியா கழகத்தின் மைதானமும் இருக்கின்றன. இரண்டும் 1906ஆம் ஆண்டில் தோன்றியவை. இவை மோதும் ஆட்டத்துக்குப் 'புனித யுத்தம்' என்று பெயர். ஆதியில் அந்நகரத்து யூதக் கழகங்கள் இரண்டின் போட்டியைக் குறித்த அந்தப் பெயரை, அவற்றுள் ஒன்றிலிருந்து கிராகோவியாவுக்கு வந்து சேர்ந்த லுத்விக் கின்டெல் என்ற ஆட்டக்காரர், வீஸ்வாவுடன் ஆடப்போகும் சமயத்தில் வேடிக்கையாகச் சொல்லிவைத்தார் என்பது கர்ண பரம்பரை. வேடிக்கை பிற்காலத்தில் விபரீதமாயிற்று.

கம்யூனிஸ்ட் ஆட்சியில் வீஸ்வா போலீஸ் படையோடு இணைக்கப்பட்டதால், அதன் ரசிகர்களை எதிர்க் கட்சியார் இன்றளவும், போலீஸாரை ஏசும் சொல்லாகிய 'நாய்கள்' என்றே ஏசுகிறார்கள். இரண்டாம் உலக யுத்தத்துக்கு முன் யூதர்களுக்கும் இடமளித்த கிராகோவியாவின் ரசிகர்களை வீஸ்வாவினர் 'யூதர்கள்' என்று வைகிறார்கள். இதிலுள்ள விசித்திரம் என்னவென்றால், அந்த வசவையே விருதாக ஏற்று, கிராகோவியாவின் முரட்டுக் கும்பல் தனக்கு 'யூடே கேங்' என்று நாமகரணம் செய்துகொண்டதுதான். நாஜிகள் யூத ஜனங்களை அடியோடு ஒழித்த ஒரு நகரத்தில், யூதர் அல்லாத இளைஞர்கள் அப்பெயரைத் தரித்துக்கொண்டு திரிவதை வீரம் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

போலந்து முரடர்களுக்கு ஒருவகைச் சம்பிரதாயம் உண்டு. ஊருக்கு வெளியே, காட்டு வெளியில், இருபுறமும் சம எண்ணிக்கையில் கூடி, பல்லுறை அணிந்து, வெறுங்கையால் அடித்துக்கொள்வதை 'உஸ்தாவ்கா' என்பார்கள். எதிரியின் கொடியைக் கவர்ந்து அரங்கில் தலைகீழாகக் கட்டிக் கொளுத்துவது பெரிய வெற்றி. கொடியைப் பறிகொடுத்தவர்களுக்கோ தீராத அவமானம். ஆயுதம் எடுப்பதில்லை என்று பல ஊர்க் கும்பல்கள் போஸ்னான் நகரில் ஒப்பந்தம் செய்துகொண்டபோது கிராக்கோவின் கும்பல்கள் அதில் சேரவில்லை; ஆகவே அந்நகரத் தெருக்களில் கத்தியும் வெட்டரிவாளும் நடமாடின, உயிர்களும் போயின. 1998இல் இத்தாலியின் பார்மா அணியோடு வீஸ்வா ஆடிக்கொண்டிருந்தபோது, கூட்டத்திலிருந்து பறந்து வந்த கத்தி பார்மா வீரர் டீனோ பாஜியோவின் தலையைக் காயப்படுத்திற்று. ஐரோப்பியப் போட்டிகளிலிருந்து கழகம் ஓராண்டு விலக்கப்பட்டது. 2005இல், கிராகோவியாவின் அபிமானியாக இருந்த போப்பாண்டவர் இரண்டாம் ஜான் பால் காலமானபோது இரு கட்சியாரும் ஒன்றாக நின்று பிரார்த்தித்தார்கள். அந்தச் சமாதானம் நிலைக்கவில்லை.

வீஸ்வாவின் கும்பலாகிய 'ஷார்க்ஸ்', போதைப்பொருள் வியாபாரத்தில் தேர்ந்ததோடு நில்லாமல், கழகத்தின் நிர்வாகத்துக்குள்ளேயே கால் வைத்ததை 2018இல் ஒரு தொலைக்காட்சி நிருபர் அம்பலப்படுத்தினார். அப்போது கழகம் கடனில் மூழ்கிக் கிடந்தது. 2019 ஜனவரியில் ஆடும் உரிமமும் நிறுத்திவைக்கப்பட்டது. தேசிய அணியின் தலைவராயிருந்தவரும் முன்னாள் வீஸ்வா வீரருமான யாகுப் புவாஷ்சிகோவ்ஸ்கி, மற்றும் இருவரோடு சேர்ந்து 40 லட்சம் ஸ்வோட்டி கடன் கொடுத்து, பெயரளவுக்கு ஒரு சம்பளத்துக்குத் தாமே களத்தில் இறங்கி ஆடினார். கழகத்தின்மீது உயிரையே வைத்திருப்பதாகக் கோஷமிட்டவர்கள் அதைச் சுரண்டினார்கள். அதை மீட்டவர் ஓர் ஆட்டக்காரர்.