பாடாத மெடியா

செருபினியின் ஓபராவில் கிரேக்கப் புராண நாயகி மெடியாவாகப் பாடி ஐரோப்பாவைக் கட்டிப்போட்டவர் மரியா காலஸ். 1969-ல் அதே பாத்திரத்தில் திரையில் தோன்றியபோது அவர் ஒரு வரிகூடப் பாடவில்லை. பேச்சும் குறைவுதான். அந்தக் குரலை ஒதுக்கிவிட்டு முகத்தை மட்டும் கேட்டவர், இயக்குநர் பியர் பாவ்லோ பசோலினி.

இத்தனைக்கும் பசோலினி கவிஞர், நாவலாசிரியர். கிரேக்கத் துன்பியலுக்குள் அவர் நுழைந்ததே மொழிபெயர்ப்பாளராகத்தான். கி.மு. 458-ல் ஏதென்ஸில் அரங்கேறிய ஈஸ்கிலஸின் ‘ஒரெஸ்டியா’வை, நடிகர் விட்டோரியோ காஸ்மனின் குழுவுக்காக இத்தாலிய மொழியில் ஆக்கிக்கொடுத்தார். 1960-ல் சிசிலியின் சிரக்யூஸ் நகரில், பழைய கிரேக்கத் திறந்தவெளி அரங்கில் அது மேடையேறியது.

அந்த நாடகத்தில், தாயைக் கொன்ற ஒரெஸ்டஸைப் பழிதீர்க்கும் பெண் தெய்வங்கள் துரத்துகின்றன. ஏதென்ஸின் தெய்வமான அதீனா நீதிமன்றம் அமைக்கிறாள். வாக்குகள் சமமாக விழ, அவன் விடுதலையாகிறான். தோற்ற தெய்வங்களை அவள் விரட்டுவதில்லை. சமாதானப்படுத்தி ஏதென்ஸிலேயே குடியமர்த்துகிறாள். புதிய சட்டம் வந்தபின் பழைய தெய்வங்களுக்கு என்ன இடம்? பசோலினியை விடாமல் பிடித்துக்கொண்ட கேள்வி இது.

1967-ல் வந்த அவரது ‘ஈடிபஸ் ராஜா’ படம் 1920-களின் இத்தாலியில், ராணுவ அதிகாரி ஒருவரின் வீட்டில் தொடங்குகிறது. பசோலினியின் தந்தையும் ராணுவ அதிகாரியே. நடுக்கதை மொராக்கோவின் மண்கோட்டைகளில் நிகழ்கிறது. கண்ணிழந்த ஈடிபஸ் கடைசியில் நடந்து வருவது, பசோலினி பிறந்த பொலோனியாவின் சமகாலத் தெருக்களில்!

‘மெடியா’வில் அவள் பிறந்த கோல்கிஸ், துருக்கியின் கப்படோக்கியப் பாறைக் குடைவுகளாக விரிகிறது. அங்கே நரபலி, விளைச்சல் சடங்கு. வெகுநேரம் வசனமே கிடையாது. கணவன் ஜேசனுடன் அவள் வாழும் கொரிந்து நகருக்கோ பீசாவின் பளிங்குக் கட்டடங்கள். கிரேக்க நாடகாசிரியர் யூரிப்பிடிஸ் வாக்குவாதமாக எழுதிய மோதல், இங்கே இரண்டு நிலங்களின் மோதலாகக் கண்ணில் படுகிறது.

விடுதலை பெற்ற ஆப்பிரிக்காவில் ‘ஒரெஸ்டியா’வைப் படமாக்கவும் அவர் விரும்பினார். உகாண்டாவிலும் தான்சானியாவிலும் அதற்கான முகங்களைத் தேடிப் படம்பிடித்தார். அதை ரோம் பல்கலைக்கழகத்தின் ஆப்பிரிக்க மாணவர்களிடம் போட்டுக்காட்டினார். அவர்களோ மறுத்துப் பேசினார்கள்: ஆப்பிரிக்கா ஒரே நாடல்ல, எல்லாவற்றையும் ‘பழங்குடி’ என்று அடக்கிவிட முடியாது.

திட்டமிட்ட பெரிய படம் கடைசிவரை எடுக்கப்படவில்லை. 1970-ல் முடித்த ‘ஆப்பிரிக்க ஒரெஸ்டியாவுக்கான குறிப்புகள்’ என்ற ஆவணப்படம்தான் மிஞ்சியது. மாணவர்களின் மறுப்பும் வெட்டுப்படாமல் அதில் இருக்கிறது. ‘ஒரெஸ்டியா’ ஒரு விசாரணையில் போய் முடியும் நாடகம். அதைத் தழுவியவர் தன் தழுவலையே விசாரணைக்கு விட்டார். மூலத்துக்கு அவர் காட்டிய ஆகப்பெரிய விசுவாசம் அதுதான்.