மக்கள் மருத்துவமனைகள் – 7: கடைசியில் வந்த கட்டடம்

சென்ற வாரம் சத்தீஸ்கரின் தல்லி ராஜ்ஹராவில் இருந்தோம். இரும்புத்தாது வெட்டும் சுரங்கத் தொழிலாளர்கள் சொந்தக் காசைப் போட்டு, 1983-ல் ஷாஹீத் மருத்துவமனையைத் திறந்த கதை அது. அவர்களுக்குக் கூலி குறைவுதான். ஆனாலும் வலுவான தொழிற்சங்கம் இருந்தது, கேட்டுப் பெறும் துணிவு இருந்தது. சங்கமும் இல்லை, நிலமும் இல்லை, பேச்சுக்கு மதிப்பும் இல்லை என்று இருப்பவர்கள் ஒரு மருத்துவமனைக்குச் சொந்தக்காரர்கள் ஆக முடியுமா? அந்தக் கேள்வியோடு இந்த வாரம் நீலகிரிக்குப் போவோம். ஊட்டியில் இறங்க வேண்டாம். நடுவட்டம் வழியாக மலையின் மேற்குச் சரிவில் இறங்கினால் வருகிற கூடலூர்தான் நமக்கு ஊர்.

கூடலூரும் பந்தலூரும் பழைய வயநாட்டின் துண்டுகள். வெள்ளைக்காரர் காலத்தில் மலபாரிலிருந்து பிரித்து நீலகிரியோடு சேர்த்தார்கள். பணியர், பெட்டக்குறும்பர், முள்ளுக்குறும்பர், காட்டுநாயக்கர், இருளர் என ஐந்து பழங்குடி மக்கள் வாழ்ந்த காடு அது. முதலில் காப்பி வந்தது. பிறகு தேவாலாவில் தங்கம் கிடைக்கிறது என்று ஒரு கூட்டம் வந்தது. அது போனபின் தேயிலை. கேரளத்திலிருந்து நிலம் தேடி வந்தவர்கள் குடியேறினார்கள். சாஸ்திரி – சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கை மலையகத்திலிருந்து அனுப்பப்பட்ட நம் மக்களுக்கு வேலை கொடுக்க அரசே டேன்டீ தோட்டங்களைப் போட்டது. வந்தவர்களில் பலர் தாங்களே எல்லாம் இழந்து வந்தவர்கள். அவர்களைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் ஒவ்வொரு முறையும் இடம் விட்டு ஒதுங்கியவர்கள் ஆதிவாசிகளே. 1969-ல் ஜன்மம் எனும் பரம்பரை நிலவுடைமையை ஒழிக்கும் சட்டம் வந்தபோதும் காகிதம் இருந்தவர்கள் நீதிமன்றம் போனார்கள். தலைமுறை தலைமுறையாகக் காட்டில் வாழ்ந்தவர்கள் கையில் காகிதம் ஏது?

இவர்களில் பணியர் நிலைமை இன்னும் மோசம். மானந்தவாடிக்கு அருகே வள்ளியூர்க்காவு பகவதி கோயில் திருவிழாவில், நிலக்கிழார்கள் முன்பணம் கொடுத்து ஒரு வருடத்துக்குப் பணியர் குடும்பங்களைப் பிடித்துப்போன வழக்கம் ஊரறிந்தது. அப்படி வளர்ந்த சமூகத்தில் ஒருவர் காய்ச்சலோடு நகரத்து ஆஸ்பத்திரி வாசலில் போய் நிற்பது எவ்வளவு பெரிய காரியம் என்று யோசித்துப் பாருங்கள். கூடலூரில் அரசு மருத்துவமனை இருந்தது. தூரமும் பஸ் காசும் ஒரு தடை என்றால், வரிசையில் கடைசிக்குத் தள்ளப்படுவதும், ஒருமையில் அதட்டப்படுவதும், சொல்வது புரியாமல் திருப்பி அனுப்பப்படுவதும் அதைவிடப் பெரிய தடை.

ஸ்டான் தெக்கேகராவும் மாரி தெக்கேகராவும் 1980-களின் நடுவில் இங்கே வந்து 'அக்கார்டு' அமைப்பைத் தொடங்கியபோது, அவர்கள் முதலில் கையில் எடுத்தது மருந்துப் பெட்டியை அல்ல, நிலப் பிரச்சினையை. ஆதிவாசி இளைஞர்கள் பாடி பாடியாக, அதாவது குடியிருப்பு குடியிருப்பாகப் போய்ச் சங்கம் கூட்டினார்கள். அந்தச் சிறு சங்கங்கள் சேர்ந்து ஆதிவாசி முன்னேற்றச் சங்கம் ஆயின. 1988 டிசம்பர் 5 அன்று, ஏறத்தாழ பத்தாயிரம் ஆதிவாசிகள் நில உரிமை கேட்டுக் கூடலூர் வீதியில் ஊர்வலம் போனார்கள். அதுவரை ஊருக்குள் தலை குனிந்து நடந்தவர்கள் நடுரோட்டில் கோஷம் போட்டுக்கொண்டு போனதை அந்த நகரம் மறக்கவில்லை. சங்கம் இன்றும் டிசம்பர் 5-ஐக் கொண்டாடுகிறது. மருத்துவமனையின் வரலாற்றை அந்த நாளிலிருந்து தொடங்க வேண்டும் என்பது என் எண்ணம். அன்றைக்கு அங்கே ஒரு கட்டில்கூடப் போட்டிருக்கவில்லை.

அதற்கு முந்தைய ஆண்டே ரூபா, தேவதாசன் என்ற மருத்துவத் தம்பதி வந்து சேர்ந்திருந்தார்கள். பிரசவத்தில் தாய் இறப்பதும், வயிற்றுப்போக்கில் குழந்தை இறப்பதும் பாடிகளில் சாதாரணச் செய்தியாக இருந்த காலம். இரண்டு டாக்டர்கள் ஜீப்பில் ஓடி ஓடிப் பார்த்தால் தீராது என்று அவர்களுக்குச் சீக்கிரம் தெரிந்துவிட்டது. ஊருக்கு ஒரு ஆளை, பெரும்பாலும் பெண்ணை, ஊர்க்காரர்களே தேர்ந்தெடுத்து அனுப்ப, அவர்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள். அதிகம் படித்திராத பெண்கள். கர்ப்பிணியின் கீழ் இமையை விரலால் இழுத்து, உள்பக்கம் சிவப்பாக இருக்கிறதா, வெளுத்துக் கிடக்கிறதா என்று பார்ப்பார்கள். வெளுத்திருந்தால் இரும்புச்சத்து மாத்திரை. குழந்தையைத் தூக்குத் தராசில் நிறுத்து அட்டையில் புள்ளி வைப்பார்கள். போன மாதத்துப் புள்ளியைவிடக் கீழே இறங்கினால் அந்த வீட்டுக்கு மறுபடி நடப்பார்கள். பேதி கண்ட குழந்தைக்கு உப்பும் சர்க்கரையும் கலந்த தண்ணீரை ஸ்பூன் ஸ்பூனாக ஊட்டத் தாய்க்குக் காட்டிக்கொடுப்பார்கள். ஊசியைக் கண்டு மிரண்டவர்களைத் தடுப்பூசிக்குச் சம்மதிக்க வைத்ததும் இவர்கள்தான். தன் மொழியில், தன் முறைசொல்லிக் கூப்பிட்டு, தன் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பேசுகிறவள் சொல்வதற்கு ஒரு எடை உண்டு.

இந்தப் பெண்கள் வேலை செய்யச் செய்ய இன்னொரு சிக்கல் வெளியே வந்தது. ஆபத்தான கர்ப்பம் என்று கண்டுபிடித்தாகிவிட்டது, எங்கே அனுப்புவது? எங்களுக்கென்று ஓர் ஆஸ்பத்திரி வேண்டும் என்ற பேச்சு சங்கக் கூட்டங்களிலிருந்தே எழுந்தது. 1990-ல் 'அஷ்வினி' என்ற அமைப்பும் கூடலூர் ஆதிவாசி மருத்துவமனையும் பிறந்தன. அமெரிக்காவில் இருந்த அறுவை மருத்துவர் நந்தகுமார் மேனனும் மகப்பேறு மருத்துவர் ஷைலாதேவியும் இங்கே வந்து சேர்ந்தார்கள். நர்சுகளை வெளியே தேடவில்லை. ஆதிவாசிப் பெண்களையே எடுத்து, வார்டிலேயே பழக்கி, ஊசி போடுவது முதல் ஆபரேஷன் தியேட்டரில் உதவுவது வரை கற்றுக்கொடுத்தார்கள். பிரசவ வலியில் துடிக்கும் பணியப் பெண்ணுக்குப் பக்கத்தில் நின்று அவள் மொழியிலேயே பேச ஒருத்தி இருந்தாள். தமிழ்நாட்டில் எத்தனையோ மருத்துவமனைகள் ஏழைகளுக்கு இலவசமாக வைத்தியம் பார்க்கின்றன. அந்த ஏழைகளின் மகள்கள் வெள்ளைச் சீருடையில் நின்று வைத்தியம் பார்க்கும் இடங்கள் மிகச் சில.

அடுத்து வந்தது பணம். நன்கொடையில் ஓடும் மருத்துவமனைக்குக் கொடுப்பவர் கை மடங்கினால் கதவு மூடும். 1992-ல் சங்கமும் அக்கார்டும் அஷ்வினியும் சேர்ந்து, அரசுத் துறை நிறுவனமான நியூ இந்தியா அஷ்யூரன்ஸிடம் ஆதிவாசிகளுக்குக் குழுக் காப்பீடு எடுத்தன. மத்திய அரசின் ராஷ்ட்ரிய ஸ்வாஸ்த்ய பீமா திட்டம் வருவதற்கு 16 ஆண்டுகள் முன்பு! ஏற்பாடு எளிமையானது. சங்க உறுப்பினர்கள் மட்டுமே சேரலாம். நோயாளியை மட்டும் சேர்த்துவிட்டு மற்றவர்களை விட்டுவிட முடியாதபடி, குடும்பம் முழுதாகச் சேர வேண்டும். ஆண்டுக்கு ஒரு பருவத்தில் பணியாளர்கள் பாடிக்குப் பாடி நடந்து பணம் வாங்குவார்கள். தலைக்கு ஒரு நாள் கூலிக்கும் குறைந்த தொகை. யாராவது மருத்துவமனையில் படுத்தால் கையில் காசு கேட்பதில்லை. மருத்துவமனை பில்லைக் காப்பீட்டு நிறுவனத்துக்கு அனுப்பி வாங்கிக்கொள்ளும்.

பாதுகாப்பு வரம்பு 2000-களிலும் 1,500 ரூபாய்தான். சிரிக்கத் தோன்றும் தொகை. ஆனால் டாக்டர் தேவதாசனும் கூட்டாளிகளும் 2007-ல் வெளியிட்ட ஆய்வைப் படித்தால் சிரிப்பு வராது. மருத்துவமனையில் சேர்ந்த காப்பீட்டுக் குடும்பங்களில், செலவால் நிலைகுலைந்தவை 4 சதவீதம் மட்டும். காப்பீடு இல்லாதிருந்தால் அது இரு மடங்காக இருந்திருக்கும். மக்கள் கட்டிய பணம் மருத்துவமனையின் முழுச் செலவுக்கு ஒருபோதும் போதவில்லை என்பதும் உண்மை. நன்கொடை தேவைப்பட்டது, இன்றும் தேவைப்படுகிறது. இருந்தாலும் பணம் கட்டிய கை, கேள்வி கேட்கும். தர்மத்துக்கு வாங்கிக்கொள்கிறவருக்கு அந்த வாய் வராது.

சொந்த மருத்துவமனை இருந்ததால் என்ன வந்தது என்று கேட்பவர்களுக்கு நான் சொல்லும் பதில், அரிவாள் செல் சோகை. ரத்தச் சிவப்பணு வட்டமாக, வளைந்துகொடுக்கும்படி இருக்க வேண்டும். இந்தப் பரம்பரை நோயில் உயிர்வாயு குறைந்ததும் அது விறைத்து, அரிவாள் போல வளைந்து, நுண்ணிய ரத்தக் குழாய்களில் சிக்கி அடைக்கிறது. கை கால் மூட்டெல்லாம் பிய்த்தெடுக்கும் வலி. சில நாளில் வலி போய்விடும், பிறகு மறுபடி வரும். வெளியே பார்த்தால் காயமில்லை, வீக்கமில்லை. தோட்டத்து மேஸ்திரி கண்ணுக்கு அது வேலைக்கு வராமல் இருக்கச் சொல்லும் சாக்கு. நீலகிரிப் பழங்குடிகளிடம் இந்த அரிவாள் செல் இருப்பதை லேமான், கட்புஷ் என்ற ஆய்வாளர்கள் 1952-லேயே எழுதிவிட்டார்கள். ரத்தம் எடுத்தார்கள், கட்டுரை வெளியானது, அவ்வளவுதான். வலியோடு கிடந்தவர்களுக்கு அதனால் ஒரு மாத்திரைகூடக் கிடைக்கவில்லை.

1990-களில் அஷ்வினி இதைத் தேடத் தொடங்கியது. விரல் நுனியில் குத்தி எடுத்த துளி ரத்தத்தை ரசாயனக் கரைசலில் விட்டுப் பார்க்கும் எளிய சோதனை. தெளியாமல் கலங்கி நின்றால் சந்தேகம், அடுத்த சோதனைக்கு அனுப்ப வேண்டும். தாய் தந்தை இருவரும் நோய் வெளிப்படாமல் அதன் மரபணுவைச் சுமக்கும் கடத்திகளானால் பிறக்கும் ஒவ்வொரு குழந்தைக்கும் நோய் வர நான்கில் ஒரு வாய்ப்பு உண்டு. நோயாளிகளுக்கு ஃபோலிக் அமிலமும் தேவைப்பட்டவர்களுக்கு ஹைட்ராக்சியூரியாவும் கொடுத்து, வருடக்கணக்கில் விடாமல் தொடர வேண்டும். காட்டோரப் பாடியில் இருக்கும் ஒருவர் தினமும் மாத்திரை போடுகிறாரா, தண்ணீர் நிறையக் குடிக்கிறாரா என்று யார் போய்ப் பார்ப்பது? இமையை இழுத்துப் பார்த்த அதே பெண்கள்தான், அவர்களுக்குப் பின் வந்தவர்கள்தான். ஊர்களுக்கு அருகே அமைத்த ஏரியா சென்டர்கள் வழியாக அந்த வேலை நடக்கிறது. அரிவாள் செல் சோகையை ஒழிக்கத் தேசிய இயக்கம் என்று மத்திய அரசு அறிவித்தது 2023-ல்.

குறைகளும் உண்டு. நகரத்துச் சம்பளத்தை விட்டுவிட்டு இங்கே வந்து தங்கும் சிறப்பு மருத்துவர்கள் கிடைப்பது எளிதல்ல. முதல்வர் காப்பீட்டுத் திட்டம் வந்தபின், சொந்தமாகப் பிரிமியம் கட்டுவதன் பொருள் என்ன என்று புதிதாக யோசிக்க வேண்டியிருக்கிறது. ஆதிவாசி இளைஞர் ஒருவர் எம்.பி.பி.எஸ். முடித்து வந்து அதே வார்டில் ரவுண்ட்ஸ் போவதற்கு இன்னும் எவ்வளவு தடைகளைக் கடக்க வேண்டியிருக்கிறது என்று நினைத்தால் மனம் கனக்கிறது. மாவட்டந்தோறும் மருத்துவக் கல்லூரி திறக்கும் அரசு, இப்படிப்பட்ட மருத்துவமனைகளில் வளரும் பிள்ளைகளுக்குத் தனியாக வழி செய்து கொடுக்க வேண்டும் என்று இந்தத் தொடரின் வழியாகவும் கேட்டுக்கொள்கிறேன்.

(அடுத்த வாரம்: கல்வராயன் மலைக்கும் சித்தேரி மலைக்கும் நடுவே சிட்லிங்கி பள்ளத்தாக்கில், ஒரு குடிசையில் தொடங்கிய மருத்துவமனை.)